துரை பெயரில் ஏழு கோப்பைகள்

பதுளையில் நான் டயர் கடையில் வேலை பார்த்த காலத்தில், ஸ்பிரிங்வெளிப் பக்கத்துத் தேயிலைத் தோட்டத்து வெள்ளைக்காரத் துரையின் டிரைவர் ஒருவர் காற்றடிக்க வருவார். குள்ளமான மனிதர். சீட்டில் தலையணை போட்டு உட்கார்ந்தால்தான் அவருக்கு ரோடு தெரியும். அந்தத் தலையணையோடுதான் மலை ரோட்டுக் கார்ப் பந்தயங்களில் ஏழு தடவை ஜெயித்தார். ஓட்டியது இவர்; கோப்பையில் வெட்டியது கார் சொந்தக்காரரான துரையின் பெயர். ஏழும் பங்களாவில் இருந்தன. அவற்றைத் துடைத்து வைப்பதும் இவர்தான்.

எந்தக் கார் வந்தாலும் டயரைப் புறங்கையால் தொட்டுப் பார்ப்பார். "காய்ச்சல் அடிக்குது, கொஞ்சம் ஆறவிடு தம்பி" என்பார்.

தோட்டங்களை அரசாங்கம் எடுத்தபோது துரை சீமைக்குக் கிளம்பினார். ஸ்டேஷனுக்குப் போகிற வழியில் கார் எங்கள் கடையில் நின்றது. துரை பின்சீட்டில் பேப்பர் படித்துக்கொண்டிருந்தார். டிக்கியில் கோப்பைப் பெட்டி.

"ஒண்ணையாவது கேளுங்களேன் அண்ணே" என்றேன், மெதுவாக.

"கேட்டா குடுத்துருவாரு தம்பி. நல்ல மனுசன்."

"அப்புறம் என்ன?"

"கூலிக்காரங்க லயத்து வீட்டுல கொண்டுபோய் வச்சா பாக்குறவன் என்னா சொல்லுவான்? பங்களாவுல திருடினதும்பான். அதுல இருக்கிறது அவரு பேருதானே."

 காற்று சரியாக இருந்தது தெரிந்தும், நாலு டயரையும் மறுபடி ஒவ்வொன்றாக அளந்தேன். அவரும் அவசரப்படுத்தவில்லை, டிக்கி மேல் கை வைத்தபடி நின்றார். ரயிலுக்கு நேரமாகிறது என்று துரை உள்ளேயிருந்து சொன்ன பிறகுதான் கையை எடுத்தார்.