பேர் வைக்காத மாமன்

சந்திரமோகன் வாத்தியாருக்கு எதற்கும் ஆதாரம் வேண்டும். போர்ட் பிளேரில் ஒரு கல்லூரியில் பதினெட்டு வருஷம் சரித்திரம் நடத்தியவர். வெளியே மழை என்று மனைவி பானு சொன்னால்கூட, ஜன்னலை எட்டிப் பார்த்துவிட்டுத்தான் குடையை எடுப்பார். நல்ல மனுஷன்தான், அதில் யாருக்கும் சந்தேகமில்லை. ஆனால் அந்தப் புத்தி அவரை என்ன பாடுபடுத்தியது தெரியுமா?

அவருடைய அப்பா இலங்கைத் தேயிலைத் தோட்டத்திலிருந்து கப்பலேறி வந்து, போர்ட் பிளேருக்குத் தெற்கே இருக்கும் கச்சால் தீவின் ரப்பர் தோட்டத்தில் குடியேறியவர். படிப்பு சந்திரமோகனைப் போர்ட் பிளேருக்குக் கொண்டுவந்தது. தங்கை ராஜகுமாரி கச்சாலிலேயே தேவேந்திரனுக்கு வாழ்க்கைப்பட்டாள். கல்யாணமாகி ஒன்பது வருஷம் கழித்து, 2004 டிசம்பர் முதல் வாரத்தில், தோட்டத் தொழிலாளர் குடியிருக்கும் லயத்து வீட்டிலேயே ஒரு பெண் குழந்தை பிறந்தது. தாய்மாமன் வந்து குழந்தையின் காதில் மூன்று தடவை பேரைச் சொல்லவேண்டும் என்பது அவர்கள் வீட்டு முறை. அதுவரை வேறு யாரும் பேர் வைக்கக்கூடாது.

ராஜகுமாரி பிள்ளையைத் தூக்கிக்கொண்டு டெலிபோன் பூத்துக்குப் போய் அண்ணனைக் கூப்பிட்டாள். "கப்பல் டிக்கெட் கெடைக்காட்டி பரவால்லண்ணே. போன்லயே பேர சொல்லுங்க. அவ காதுல வைக்கிறேன்."

குழந்தை சிணுங்குவது அவருக்கும் கேட்டது. வாத்தியாரைச் சுற்றி விடைத்தாள் கட்டுகள். சோழர் கல்வெட்டுகளிலிருந்து ஐந்தாறு ராணிகளின் பேர்களைப் பொறுக்கி எழுதிவைத்துக்கொண்டு, எதையும் தீர்மானிக்க முடியாமல் உட்கார்ந்திருந்தார். என்ன அவசரம், ஜனவரியில் நேரில் வந்து முறையாகச் சொல்கிறேன் என்று ரிசீவரை வைத்துவிட்டார். அது வியாழக்கிழமை. ஞாயிற்றுக்கிழமை காலையில் கடல் வந்தது.

விறகுக்காக மேட்டுக்குப் போயிருந்த தேவேந்திரன் மட்டும் மிஞ்சினான். ராஜகுமாரியும் குழந்தையும் கிடைக்கவே இல்லை.

அதற்குப் பிறகு சந்திரமோகனுக்கு வகுப்பில் மனசு நிற்கவில்லை. லீவு நாளெல்லாம் உயிர்தப்பி வந்தவர்கள் தங்கியிருந்த தகரக் கொட்டகைகளுக்குப் போய், கச்சாலில் போனவர்களின் பேர்களை விசாரித்து எழுதினார். அரசாங்கப் பட்டியலில் பலர் விடுபட்டிருந்தார்கள். ஆபீஸ் ஆபீஸாக ஏறி இறங்கினார். காலேஜ் வாத்தியாருக்கு இங்கே என்ன வேலை என்று உட்காரக்கூடச் சொல்லாமல் அனுப்பினார்கள். ஐந்து வருஷம் பொறுத்தார். 2010இல் வேலையை ராஜினாமா செய்துவிட்டு நகராட்சித் தேர்தலில் நின்றார். டெலானிபூர் காலேஜ் குவார்ட்டர்ஸைக் காலி செய்து குட்வில் எஸ்டேட் பகுதியில் வாடகை வீட்டுக்குப் போனார்கள். பானு இரண்டு நாள் பொருமினாள். மூன்றாம் நாள் அவளே நோட்டீஸ் மடிக்க உட்கார்ந்தாள்.

போனவர்களுக்கெல்லாம் ஒரு கல் நாட்டுவேன், அதில் ஒரு பொய்ப் பேர் சேராது, ஒரு மெய்ப் பேர் விடுபடாது என்று மைக் பிடித்துச் சொன்னார். கடலுக்குப் பிறகு போர்ட் பிளேருக்கே வந்துவிட்ட தேவேந்திரன் மேடும் பள்ளமுமாக வீடு வீடாக ஏறி, பெங்காலி வீட்டிலும் தெலுங்கு வீட்டிலும் தன் ஹிந்தியில் கெஞ்சி ஓட்டுக் கேட்டான். மச்சான் ஜெயித்த அன்று, ராஜகுமாரி போனபிறகு முதல் தடவையாகச் சிரித்தான்.

போர்ட் பிளேரில் ரோட்டோரமாகக் கல்லுக்கு இடம் வாங்க இரண்டு வருஷம் ஆயிற்று. பேர் சேர்க்க ஏதாவது ஒரு காகிதம் வேண்டும் என்று சந்திரமோகனே விதி போட்டார். தேர்தலில் அவருக்காக ஜீப் ஓட்டிய காண்ட்ராக்டர் கோவிந்தராஜ், மதுரை ஆஸ்பத்திரியில் செத்துப்போன தன் சித்தப்பா பேரையும் நுழைக்கப் பார்த்தார். முடியவே முடியாது என்று முகத்துக்கு நேரே சொல்லியாயிற்று. அன்றிலிருந்து கோவிந்தராஜ், எங்கே இந்த ஆள் சறுக்குவார் என்று காத்துக்கொண்டிருந்தார்.

அந்தச் சமயத்தில்தான் தேவேந்திரன் வந்தான். ராஜகுமாரியின் பேருக்குக் கீழே குழந்தைக்கும் ஒரு வரி வேண்டும் என்றான்.

"பிறப்புப் பதிவு இல்லையே, தேவேந்திரா. ரேஷன் கார்டுல ஏத்தல. பேரே வைக்கல."

"காகஜ் எங்க மச்சான் இருக்கும்? அவ பொறந்து இருபது நாளுதான். என் கையில கெடந்தா. அது போதாதா?"

போதும் என்று சொல்ல அவருக்கு நாக்கு எழும்பத்தான் செய்தது. ஆனால் தன் வீட்டுக்கு மட்டும் விதியைத் தளர்த்தினால் கோவிந்தராஜ் ஊரைக் கூட்டுவார். அப்புறம் கல்லில் இருக்கிற எண்பத்தேழு பேரையும் சந்தேகப்படுவார்கள். செத்தபிறகு வைக்கிற பேரும் பொய்ப் பேர்தான் என்று சொல்லிவிட்டார். பாவி மனுஷன், சொல்லும்போது தங்கை புருஷனின் முகத்தைக்கூடப் பார்க்கவில்லை. தேவேந்திரன் பானு வைத்த டீயைத் தொடாமல் எழுந்து போனான்.

"ராஜா ராணி செத்ததெல்லாம் நீங்க கண்ணால பார்த்தீங்களா?" என்று பானு கேட்டாள். "அத நம்புவீங்க. பெத்தவன் சொன்னா நம்பமாட்டீங்க." குழந்தை இருந்தது என்பதற்குத் தன் காதே சாட்சி என்பது அவருக்குத் தெரியும். அதை எழுதினால், பேர் கேட்டு வந்த போனை வைத்தது யார் என்பதையும் எழுதவேண்டும். விதி விதி என்று அவர் பிடித்துக்கொண்டு நின்றதற்குப் பாதிக் காரணம் அந்த வெட்கம்தான்.

2012 டிசம்பர் 26ஆம் தேதி காலையில் கல்லைத் திறந்தார்கள். சந்திரமோகன் ஒவ்வொரு பேராக வாசித்தார். ராஜகுமாரி என்று சொல்லிவிட்டுச் சற்று நின்றார். கூட்டம் காத்திருந்தது. அடுத்த பேருக்குப் போய்விட்டார்.

எல்லோரும் கலைந்தபிறகு, உச்சி வெயிலில் தேவேந்திரன் மட்டும் கல்லருகே நின்றான். திட்டப்போகிறான் என்று நினைத்துத்தான் சந்திரமோகன் கிட்டே போனார். திட்டினால் தேவலை என்றுகூட இருந்தது.

"கல்லுல வேணாம் மச்சான்," என்றான் தேவேந்திரன். "எட்டு வருஷமா கனவுல வர்றா. கூப்புடறதுக்கு ஒரு பேரு இல்ல. எனக்கு மட்டும் சொல்லுங்க."

சந்திரமோகனிடம் பேர் இருந்தது. கடல் வருவதற்கு முந்தின நாள், சனிக்கிழமை, கல்வெட்டுப் பேர்களையெல்லாம் அடித்துவிட்டு, காதுக்கு இனிமையாக இருக்கிறது என்பதற்காக மட்டும் ஒன்றை முடிவு செய்திருந்தார். இன்றுவரை பானுவிடம்கூடச் சொன்னதில்லை. நகராட்சி உறுப்பினர், சரித்திர வாத்தியார், நடுரோடு என்று பாராமல் அழுதார். அழுதுகொண்டே தேவேந்திரனின் காதருகே குனிந்து சொன்னார்.

"வைஜெயந்தி."

தேவேந்திரன் வாய்க்குள் ஒருமுறை சொல்லிப் பார்த்தான். பிறகு கொஞ்சம் சத்தமாக, யாரையோ கூப்பிடுகிற மாதிரி.

"நல்ல பேரு மச்சான்," என்றான். "அன்னிக்கு போன்லயே சொல்லியிருக்கலாம்."