ஒட்டியாணம் விற்றவர்கள்

தம்பி ஆடும் மாநில வாலிபால் இறுதியாட்டத்தைப் பார்க்க, பணம் கட்டிய ஆப்பைத் திறந்தேன். ‘உங்கள் பகுதியில் காண இயலாது’ என்றது. வீட்டில் முதலில் படித்தவன் நான். விதிமுறைகளைக் கடைசிவரை வாசித்தேன். ஊர்க்காரன் ஆட்டத்தை ஊர்க்காரன் பார்க்கக்கூடாது என்பதை எவ்வளவு மரியாதையாக எழுதியிருக்கிறார்கள்! நம் பகுதிக்கான உரிமையைக் கேபிள்காரருக்கு விற்றுவிட்டார்களாம். பக்கத்தில் அம்மா உட்கார்ந்திருக்க, அந்தச் சேனலைப் போட்டால் நகைக்கடை விளம்பரம். அதன் மேளச்சத்தம் என்னைத் தங்கச்சிமடத்து ஓட்டு வீட்டுக்கு இழுத்துப்போனது.

அது மீன்பிடித் தடைக்காலம். கடலுக்குப் போகாத அய்யா மாதா கோயில் மைதானத்தில் இறுதியாட்டம் ஆடிக்கொண்டிருந்தார். கைக்குழந்தையான தம்பியை மடியில் போட்டுக்கொண்டு அம்மா, அதை நேரடியாகக் காட்டிய உள்ளூர்க் கேபிள் டிவி முன் உட்கார்ந்திருந்தாள். அய்யா ஆடி அவள் பார்த்ததே இல்லை. கடைசிப் பாயிண்டுக்கு அய்யா எம்பினார். திரையில் நகைக்கடை வந்துவிட்டது. ஜன்னல் வழியே மைதானத்துக் கூச்சல் மட்டும் வந்தது.

“அங்கன உங்கய்யா ஜெயிக்கிறாரு, இங்கன இந்தக் கழிசடை ஒட்டியாணம் விக்கிறான்!” என்று அம்மா கத்தினாள்.

இப்போது போன் அடித்தது. துபாயிலிருந்து மச்சான்.

“ஏலே, ஒன் தம்பி ஜெயிச்சுட்டான்லே! பாத்தியா?”

அம்மா டிவியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

“அன்னைக்கு நாம வாங்காத ஒட்டியாணத்த இன்னும் வித்துக்கிட்டு இருக்கான், அதத்தான் பாத்தோம்னு சொல்லு.”