விசா நேர்காணலுக்கு நான் போட்ட தாளம்

பயப்படுவதில் எனக்குச் சிறுவயதிலேயே நல்ல பயிற்சி. நூலகப் புத்தகம் இரண்டு நாள் பிந்தியதற்குப் பொலிஸ் வீடு தேடி வரும் என்று, கட்டிலுக்கு அடியில் ஒரு தண்ணீர்ப் போத்தலும் அரைப் பாக்கெட் பிஸ்கட்டும் ஒளித்து வைத்தவன் நான். வயிறு முன்னுக்கு வந்து தலைமயிர் பின்னுக்குப் போய்விட்ட இந்த வயதிலும் அந்தத் திறமை குறையவில்லை. ஆனால் என் வாழ்நாள் சாதனை என்று சொல்லக்கூடிய பயம் பன்னிரண்டு வயதில் வந்தது. என் மாமாவை இலங்கைக்குத் திருப்பி அனுப்பப் போகிறார்கள், அதற்குக் காரணம் நான்தான் என்று இரண்டு முழு நாட்கள் நம்பியிருந்தேன். அந்தக் குற்றத்தில் எனக்குக் கூட்டாளி ஒரு பிரித்தானிய நகைச்சுவையாளர். அவருக்கு அது இன்றுவரை தெரியாது.

மாமா என்றால் அம்மாவின் தம்பி. அவுஸ்திரேலியாவுக்குப் படகில் வந்தவர். கிறிஸ்மஸ் தீவுத் தடுப்பு முகாமில் பல மாதங்கள் இருந்துவிட்டு, தற்காலிக விசாவோடும் ஒரு பிளாஸ்டிக் பையோடும் நோபல் பார்க்கில் எங்கள் வீட்டுக்கு வந்து சேர்ந்தார். முதல் நேர்காணலில் அவர் சொன்னதை அதிகாரிகள் நம்பவில்லை. இரண்டாவது வரவிருந்தது. அதிலும் நம்பாவிட்டால் திரும்பிப் போகவேண்டியதுதான் என்பதை வீட்டில் யாரும் எனக்குச் சொல்லவில்லை. எல்லோரும் தங்களுக்குள் மிகவும் மெதுவாகப் பேசிக்கொண்டதால் எனக்கு நன்றாகவே கேட்டது.

ஊரில் மாமா ஓர் இசைக்குழுவில் டிரம்ஸ் அடித்தவர். ஜெனரேட்டர் நின்றுபோனால், அது திரும்ப ஓடும்வரை சனத்தைச் சிரிக்க வைப்பதும் அவர் பொறுப்பு. ஆகவே வெள்ளிக்கிழமை பின்னேரங்களில் தொலைக்காட்சியில் வந்த அந்தப் பிரித்தானியரைக் கண்டதும் அவருக்குச் சொந்தக்காரனைக் கண்டதுபோல் ஆகிவிட்டது. அந்த மனிதர் கேள்வி கேட்பார். விருந்தினர் பதில் சொல்வார். உடனே பக்கத்தில் இருக்கும் டிரம்ஸில் டும்-டும்-டிஷ் என்று ஒரு தட்டு. எவ்வளவு துக்கமான பதிலும் அந்தத் தட்டோடு பகிடியாகிவிடும்.

“மருமோன், இந்தாள் முந்தி என்ன செய்தவர் எண்டு கொம்பியூட்டரில பார்,” என்றார் மாமா.

பார்த்துச் சொன்னேன். பள்ளிக்கூட நண்பர்களோடு குழு தொடங்கி டிரம்ஸ் அடித்திருக்கிறார். பழைய வான் ஒன்றில் ஊர் ஊராக அலைந்திருக்கிறார்கள். ஒருநாள் பாடகருக்குத் தொண்டை கட்டிவிட, இவர் இருந்த இடத்திலேயே மைக்கை இழுத்துப் பேசியிருக்கிறார். சனம் பாட்டை விட அதை விரும்பியது. பிறகு குச்சிகளை வைத்துவிட்டு மதுக்கடை மேடைகளில் பகிடி, பிறகு வானொலி, பிறகு தொலைக்காட்சி. பெயரும் காசும் வந்தபின் டிரம்ஸையும் கூப்பிட்டுப் பக்கத்தில் இருத்திக்கொண்டார்.

“அந்தக் குழுவில இருந்த மற்றப் பொடியள் இப்ப எங்கையாம்?”

அதைப் பற்றி ஒன்றும் போட்டிருக்கவில்லை. அடுத்த வெள்ளியும் அதையே கேட்டார். புகழ்பெற்றவனை விட்டுவிட்டுப் பெயர் தெரியாதவர்களை விசாரிக்கிற ரசிகரை நான் அதற்கு முன் கண்டதில்லை.

இந்த நேரத்தில் மாமாவின் வழக்கறிஞர் இரண்டு பக்கக் கேள்விப் பட்டியல் ஒன்றைத் தந்தார். பாடமாக்க வேண்டாம், கேட்டுக் கேட்டுப் பழகட்டும் என்றார். முதல் நேர்காணலில் மொழிபெயர்ப்பாளர் இருந்தும், அதிகாரியின் ஆங்கிலக் குரலைக் கேட்டதுமே மாமாவுக்கு நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டதாம். எங்கள் வீட்டில் அவுஸ்திரேலியக் குரல் ஒன்றே ஒன்றுதான் இருந்தது. அப்படித்தான் ஏழாம் வகுப்பில் படித்துக்கொண்டே நான் குடிவரவு அதிகாரி ஆனேன். நான் ஆங்கிலத்தில் கேட்பேன். அம்மா குசினியில் வெங்காயம் வெட்டியபடி மொழிபெயர்ப்பார். மாமா சாப்பாட்டு மேசையில் இருந்து பதில் சொல்வார். எங்கள் தெருவில் இன்னும் இரண்டு வீடுகளில் இப்படிப் பிள்ளைகள் அதிகாரிகளாக இருந்தார்கள். பள்ளியில் கண்டால், நேற்று யாருடைய ஆள் நன்றாகச் செய்தார் என்று உத்தியோகத்தர்களைப் போலப் பேசிக்கொள்வோம்.

அவர்களைப் போல நானும் சும்மா கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. அப்பாவின் கழுத்துப்பட்டியைக் கட்டிக்கொண்டு, பிஸ்கட் தகரத்தைக் கவிழ்த்து வைத்து, இரண்டு மரக்கரண்டிகளோடு உட்கார்ந்தேன். ஊரைவிட்டு எப்போது புறப்பட்டீர்கள் என்று அந்தப் பிரித்தானியரின் குரலில் இழுத்துக் கேட்டேன். மாமா மாதத்தையும் வருடத்தையும் சொன்னார். டும்-டும்-டிஷ்.

“மருமோன், இது தாளமில்லை. ஆரோ சட்டியோட படியில விழுந்த சத்தம்,” என்று சொல்லி, மேசை விளிம்பில் தானே தட்டிக் காட்டினார். எங்கள் வீட்டுக்கு வந்தபின் அன்றுதான் அவர் சிரித்ததைப் பார்த்தேன். அதன்பிறகு தகரத்துக்கு வேலை இருக்கவில்லை. பதிலையும் அவரே சொல்வார், தட்டையும் அவரே போட்டுக்கொள்வார்.

பட்டியலில் பதினேழாவது கேள்விதான் எங்கள் நிகழ்ச்சியின் உச்சம். உங்களோடு குழுவில் இருந்த நால்வருக்கும் என்ன நடந்தது?

“ஒருத்தன் கனடாவில கொத்துரொட்டி போடுறான். ஒருத்தன் லண்டனில வெள்ளைக்காரருக்கு பைலா டான்ஸ் பழக்குறான். பாட்டுக்காரன் செவ்வாய்க் கிரகத்துக்கு விசா எடுத்திட்டான்.”

“நாலாவது ஆள்?”

“அவன் உன்ர கொம்மாவின்ர சமையலுக்குப் பயந்து ஒளிச்சுக்கொண்டு திரியிறான்.” டும்-டும்-டிஷ்.

ஒவ்வொரு நாளும் பதில் மாறும். நான் கதிரையிலிருந்து விழும்வரை சிரிப்பேன். அந்தக் கேள்வி வரும்போதெல்லாம் அம்மா குசினியில் தண்ணீர்க் குழாயைப் பெரிதாகத் திறந்துவிடுவார். பாத்திரம் கழுவுகிறார் என்று நினைத்தேன்.

நேர்காணலுக்கு இரண்டு நாட்களுக்கு முன் மாமாவோடு மருந்துக் கடைக்குப் போனேன். அங்கிருந்த பெண் அவருடைய பிறந்த திகதியைக் கேட்டாள். மாமா ஆங்கிலத்தில் ஒவ்வொரு எண்ணாகச் சொல்லி முடித்தார். முடித்த கையோடு கண்ணாடி மேசையில் டும்-டும்-டிஷ்.

அந்தப் பெண் சிரித்தாள். என் வயிற்றுக்குள் லிஃப்ட் ஒன்று அறுந்து விழுந்தது.

“மாமா, ஏன் தட்டினீங்கள்?”

“நான் எங்கயடா தட்டினனான்?”

தட்டுவது அவருக்கே தெரியவில்லை. அதற்குப் பிறகு எனக்குள் ஒரே படம் ஓடிக்கொண்டிருந்தது. உங்களைப் பிடித்துக்கொண்டு போய் என்ன செய்தார்கள் என்று அதிகாரி கேட்கிறார். மாமா சொல்கிறார். டும்-டும்-டிஷ். அதிகாரி பேனாவை மூடுகிறார். விமான யன்னலால் மாமா என்னைப் பார்க்கிறார். பிறகு அம்மா என்னைப் பார்க்கிறார். இந்தக் கடைசிக் காட்சிதான் எல்லாவற்றையும் விடப் பயங்கரமாக இருந்தது என்பதை இப்போது வெட்கத்தோடு ஒப்புக்கொள்கிறேன்.

தகரத்தைக் குப்பைத் தொட்டியில் போட்டேன். கழுத்துப்பட்டியைக் கழற்றிவிட்டு, சாவு வீட்டுக்கு வந்தவன் மாதிரி முகத்தை வைத்துக்கொண்டு கேள்விகளைக் கேட்டேன். பதினேழாவது கேள்வி வந்தது. நான் சிரிக்கவில்லை. மாமா மேசையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

“அதை விடு மருமோன். அடுத்ததைக் கேள்.”

பகிடி சொன்னாலும் ஆபத்து, சொல்லாவிட்டாலும் ஆபத்து. வேறு வழி தெரியாமல், நேர்காணல் காலையில் அவருடைய ஒரு கையில் ஃபைலையும் மறு கையில் தண்ணீர்ப் போத்தலையும் திணித்தேன். இரண்டையும் கீழே வைக்கக்கூடாது, உள்ளே அப்படித்தான் சட்டம் என்று அதிகாரியின் குரலிலேயே சொன்னேன்.

பள்ளி விடுமுறை என்பதால் என்னையும் நகரத்துக்குக் கூட்டிப் போனார்கள். வழக்கறிஞரோடு துணைக்கு ஒருவர் உள்ளே இருக்கலாம் என்று அம்மா போனார். நானும் அப்பாவும் வெளியே. வாசலில் மாமா திரும்பி, “இது பாரமாக் கிடக்கு, வச்சிரு,” என்று போத்தலை என்னிடம் தந்தார். ஒரு கை விடுதலையாகிவிட்டது.

கதவு மூடியதும் என்னால் அடக்க முடியவில்லை.

“அப்பா, மாமா உள்ளுக்கத் தட்டிப்போடுவார்.”

“எதைத் தட்டுவார்?”

“மேசையை. நான்தான் பழக்கினது.”

பேக்கரியில் இரவு வேலை முடித்து நேரே வந்திருந்த அப்பா ஒரு கண்ணை மட்டும் திறந்தார். “முதல் உன்ர கையை நிப்பாட்டு. அந்தா, அந்த மனுசி பாக்குது.”

குனிந்து பார்த்தால், கதிரைக் கையில் என் விரல்கள் டும்-டும்-டிஷ் போட்டுக்கொண்டிருந்தன. இரண்டு கைகளையும் தொடைக்கு அடியில் வைத்து அதன்மேல் உட்கார்ந்தேன். கொஞ்ச நேரத்தில் எங்கிருந்தோ தட்டுகிற சத்தம் கேட்டது. துள்ளி எழுந்துவிட்டேன். வரவேற்பு மேசையில் இருந்த பெண் கடிதங்களுக்கு முத்திரை குத்திக்கொண்டிருந்தாள்.

பிறகு கதவுக்குப் பின்னால் மங்கலாகக் கேட்டுக்கொண்டிருந்த குரல்கள் நின்றன. ஒரு நிமிடம், இரண்டு நிமிடம், அதற்கும் மேல். பகிடி தோற்றுப்போனால் மேடையில் வரும் அமைதி காதை அடைக்கும் என்று அந்தப் பிரித்தானியர் ஒரு பேட்டியில் சொல்லியிருந்தார். பதினேழாவது கேள்வி, செவ்வாய்க் கிரகம், முடிந்தது கதை என்று எனக்கு உறுதியாகிவிட்டது.

முதலில் அம்மாதான் வெளியே வந்தார். என்னைத் தாண்டி நேரே கழிவறைக்குப் போய், முகம் ஈரமாகத் திரும்பி வந்தார். அப்பா எழுந்து நின்றார்.

“இஞ்சேரப்பா, சொல்லிட்டான்,” என்றார் அம்மா. “நாலு பேரின்ர பேரும் சொன்னவன். எங்க, எப்பிடி எண்டு எல்லாம். எனக்கே இப்பதான் தெரியும். கடைசிப் பொடியனை இவன்தானாம் தோளில போட்டுக்கொண்டு ஓடினவன். ஆசுப்பத்திரிக்குப் போக முதலே...”

நான் அம்மாவின் சட்டையைப் பிடித்து இழுத்தேன்.

“அம்மா, மாமா தட்டினவரோ?”

“என்னத்தைத் தட்டினவர்?”

“மேசையை.”

“இல்லையே. கை ரெண்டையும் இறுக்கிப் பிடிச்சுக்கொண்டெல்லோ இருந்தவன்,” என்று சொல்லிவிட்டு என்னை விசித்திரமாகப் பார்த்தார்.

தட்டவில்லை. அறுந்து விழுந்த லிஃப்ட் ஒரே மூச்சில் மேல்மாடிக்கு ஏறியது. நால்வரின் பெயரையும் பிழையில்லாமல் ஒப்புவித்திருக்கிறார், பயிற்சி வீண்போகவில்லை என்று எனக்கு நானே பாராட்டும் சொல்லிக்கொண்டேன். பல மாதம் கழித்து நல்ல பதில் வந்தது. மாமா இப்போது வெரிபீ என்ற புறநகரில் வீடு வாங்கி, ரயில் பிந்துவதைப் பற்றி எல்லோரையும் போலத் திட்டிக்கொண்டிருக்கிறார்.

அன்றைக்கு வீடு திரும்பும்போது மாமா காரில் முன் இருக்கையில் இருந்தார். தப்பிப் பிழைத்த சந்தோஷத்தில் எனக்கு வாய் சும்மா இருக்கவில்லை. பிரித்தானியக் குரலை எடுத்து, விருந்தினரே, இன்றைய நிகழ்ச்சி எப்படி என்று கேட்டு, அவருடைய இருக்கையின் முதுகில் டும்-டும்-டிஷ் போட்டேன். ஒருவரும் சிரிக்கவில்லை. நிறுத்து என்றும் ஒருவரும் சொல்லவில்லை. மாமா திரும்பிப் பார்க்காமலே கையைப் பின்னால் நீட்டி, என் முழங்காலைப் பிடித்தார். பிடித்த பிடியை விடவில்லை. என் தாளம் எங்கோ பிசகுகிறது, அதுதான் சிரிப்பு வரவில்லை என்று நினைத்து, இன்னும் கொஞ்சம் பலமாகத் தட்டினேன்.