மிஷின் பார்க்க வந்தவர்

அக்காவின் கணவர் பூனையைக்கூட "வாங்க, உட்காருங்க" என்றுதான் கூப்பிடுவார். தமிழ் அவருக்கு அக்கா சொல்லிக்கொடுத்தது. ஒரு ஓட்டலின் சலவைக்கூடத்தில் அவள் படுக்கை விரிப்புகளை மடிப்பவள். அங்கே உள்ள பெரிய மிஷின்களைப் பழுதுபார்க்க வந்தவர் அத்தான். மரியாதை இல்லாத பேச்சை மட்டும் அவள் அவருக்குக் கற்றுக்கொடுக்கவே இல்லை.

அவர் வேறு இனம். மூக்கு, முடி, உயரம் என்று எதைப் பார்த்தாலும், கண்ணைக் கட்டிக்கொண்டு பார்த்தாலும், எங்கள் ஆள் என்று யாரும் சொல்லமாட்டார்கள். கல்யாணத்தைப் பதிவுசெய்துவிட்டு இரண்டு பேரும் வந்து நின்றபோது அம்மா முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டாள். அந்த நேரம் பார்த்து சமையலறைக் குழாய் உடைந்தது. அவர் சரிசெய்தார். தண்ணீர் நின்றதும் அம்மாவின் கோபமும் நின்றுவிட்டது. வாய் நிறைய "மாப்பிள்ளை" என்று கூப்பிட ஆரம்பித்தாள்.

மாமாவிடம்தான் சொல்லவில்லை. மாமா அம்மாவின் அண்ணன், பக்கத்து ஊர்க்காரர். அப்பா போன பிறகு எங்களைக் கை தூக்கிவிட்டவர். அவர் பேச்சுக்கு அம்மா மறுபேச்சு பேசியதில்லை. வேலை செய்யும் இடத்திலேயே அக்கா தங்கியிருக்கிறாள் என்று அவரிடம் சொல்லி வைத்திருந்தாள். அக்கா கேட்கும்போதெல்லாம், "நேரம் பாத்து சொல்றேண்டி" என்பாள்.

ஒரு விடுமுறை நாள். அக்காவுக்கு வேலை இருந்ததால் அத்தான் மட்டும் வந்திருந்தார். எங்கள் வாஷிங் மிஷினில் தண்ணீர் வடியவில்லை. பழைய பேப்பரை விரித்து, மிஷினைச் சாய்த்து, தரையில் படுத்து வேலை பார்த்துக்கொண்டிருந்தார். நான் டார்ச் பிடித்துக்கொண்டிருந்தேன். அம்மா மேஜையில் மூன்று தட்டுகளை எடுத்து வைத்திருந்தாள். அப்போது போன்கூடச் செய்யாமல் மாமா வந்து நின்றார்.

மிஷினுக்கு அடியிலிருந்து நீட்டிக்கொண்டிருந்த கால்களைப் பார்த்தார்.

"யாரும்மா இது, இவ்வளவு நீளமா?"

அம்மாவின் வாய் திறந்து மூடியது. "மிஷின் பாக்க வந்தவர், அண்ணா."

அத்தானின் கை நின்றது. பிறகு ஸ்க்ரூ டிரைவர் மறுபடி திரும்ப ஆரம்பித்தது.

"வணக்கம் சார்," என்றார் அடியிலிருந்தே. கொஞ்ச நேரம் கழித்து எழுந்து, கையிலிருந்த ஹேர்பின்னை அம்மாவிடம் நீட்டினார். "இது பம்புல மாட்டியிருந்தது, அம்மா." எப்போதும் 'அத்தை' என்பவர்.

மாமாவுக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. "அட, தமிழ்ல பேசறாரே! நம்ம பசங்க வாயில இவ்வளவு மரியாதை வருமா? தம்பி, உங்க நம்பர் குடுங்க. என் வீட்டு மிஷினும் பேய் மாதிரி கத்துது."

நான் ஏழாம் வகுப்போடு நின்றவள். ஆள் முன்னால் வாய் வராது, கண்தான் வேலை செய்யும். அவர்கள் பேசிக்கொண்டிருக்கும்போதே அம்மா மேஜையிலிருந்த மூன்று தட்டுகளில் ஒன்றை எடுத்தாள். எடுத்ததைக் கீழே வைக்க இடம் தெரியாததுபோல் கையிலேயே வைத்துக்கொண்டு நின்றாள். அப்புறம் ஞாபகம் வந்து மாமாவுக்காக அதையே திரும்ப வைத்தாள். அத்தான் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு, "போயிட்டு வரேங்க" என்று சொல்லிவிட்டுப் பசியோடு போனார்.

அக்கா பல நாள் அம்மாவோடு பேசவில்லை. மாமா கூப்பிட்டபோது, "நீங்க எதுக்குப் போறீங்க?" என்று அத்தானிடம் சண்டை போட்டாள்.

"அந்த மிஷின் என்ன தப்பு பண்ணுச்சு?" என்றார் அவர்.

போனார். அதற்குப் பிறகும் போனார். மாமா ஊரெல்லாம் அவர் புகழ் பாட ஆரம்பித்தார். அம்மாவிடமும் போனில் பாடுவார். அம்மா ரிசீவரைக் காதிலிருந்து கொஞ்சம் தள்ளிப் பிடித்துக்கொண்டு "ம், ம்" என்பாள்.

ஒருமுறை மாமாவைப் பார்க்க நானும் அம்மாவும் போயிருந்தோம். உள்ளே அத்தான் மிஷினின் முதுகைக் கழற்றி வைத்துவிட்டு பெல்ட் மாற்றிக்கொண்டிருந்தார். எங்களைப் பார்த்து, "வாங்கம்மா" என்றார், யாரோ போல.

மாமா குஷியாக இருந்தார். "தம்பி, உங்களுக்குப் பொண்ணு குடுத்தவங்க குடுத்து வெச்சவங்க. இல்லையாம்மா?"

அம்மா புடவை முந்தானையை விரலில் சுற்றிக்கொண்டே இருந்தாள்.

"பொண்ணு குடுத்தது நான்தான், அண்ணா."

மாமா விழுந்து விழுந்து சிரித்தார். "கேட்டீங்களா தம்பி? என் தங்கச்சி உங்கள மருமகனாக்கிட்டா!"

அத்தான் தலையைத் திருப்பவில்லை. "அம்மா விளையாடறாங்க சார். நான் மிஷின் பாக்க வந்தவர்."

அம்மாவின் முகத்தை என்னால் பார்க்க முடியவில்லை. தரையைப் பார்த்தேன். அத்தான் மூடியைப் பொருத்தி, சிந்திய தண்ணீரைத் துடைத்து, மிஷினை ஓடவிட்டுவிட்டுக் கிளம்பினார். அம்மா செருப்புக்கூடப் போடாமல் படியிறங்கிப் பின்னாலேயே ஓடினாள். நானும் ஓடினேன்.

"ஏன் மாப்பிள்ளை அப்படிச் சொன்னீங்க?"

"நீங்க சொல்லிக்கொடுத்ததுதானே அத்தை," என்றார். குரலில் கோபம் இல்லை. கோபப்பட்டிருந்தால் அம்மாவுக்குக் கொஞ்சம் நிம்மதியாக இருந்திருக்கும்.

அவர் தெருமுனை திரும்பும்வரை நின்றுவிட்டு அம்மா மறுபடி படியேறினாள். மாமா மிஷின் முன்னால் நாற்காலி போட்டு உட்கார்ந்து, துணி சுற்றுவதை ரசித்துக்கொண்டிருந்தார். அம்மா வாசற்படியிலேயே நின்று ஏதோ சொன்னாள். மிஷின் சத்தத்தில் எனக்கே கேட்கவில்லை. மாமா கையை நீட்டி மிஷினை நிறுத்தினார்.

"என்ன சொன்னே?"

அம்மா இன்னொரு தடவை சொன்னாள். அன்றைக்குத் தட்டை எடுத்ததையும் சேர்த்துச் சொன்னாள். இந்த முறை மாமா சிரிக்கவில்லை.

அதற்குப் பிறகு அந்த மிஷினைப் பார்க்க மாமா வேறு ஆளைத்தான் கூப்பிடுகிறார். கோபமா, மருமகனை வேலை வாங்கிய கூச்சமா என்று எங்களுக்குத் தெரியாது. "புது ஆள் சரியில்ல" என்று மட்டும் அம்மாவிடம் குறைப்படுவார்.

அத்தானிடம் அதைச் சொன்னால், "பெல்ட்டை இறுக்கமாப் போட்டிருப்பாங்க," என்பார்.