பரிமளாவின் முகவரி

பரிமளாவுக்கு இடது கையில் மூன்று விரல்தான். மற்ற இரண்டும் போனதற்கு அவள் புருஷன் லோகு காரணம் என்று போலீஸ் எழுதியிருக்கிறது. பாதிக் காரணம் நான். ஸ்டான்லி வக்கீலிடம் பதினாறு வருடமாகக் குமாஸ்தா. அவளுக்காகப் போட்ட மனுவை டைப் அடித்த கை என்னுடையது.

நெம்மேலிக் குப்பத்தில் பிறந்தவள். கடலூர்ப் பக்கம் கட்டிக் கொடுத்தார்கள். லோகு குடித்தாலும் அடிப்பான், குடிக்காவிட்டாலும் அடிப்பான். ஒருநாள் துடுப்பால் அடித்து விலா எலும்பை முறித்தான். ஓடி வந்து கோவளத்தில் மீன் வெட்டிக் கொடுத்துப் பிழைத்தாள். அவன் விடுவானா? சேர்ந்து வாழ வரவேண்டும் என்று கடலூர் குடும்ப நல நீதிமன்றத்தில் வழக்குப் போட்டான். ஒவ்வொரு வாய்தாவுக்கும் பஸ் மாறி மாறிப் போவாள். வழக்கு தள்ளிப்போகும். வாசலில் அவன் நிற்பான். ஒருமுறை செவிட்டில் அறைந்தான். அடுத்த முறை அவள் பஸ் ஏறும்போது முடியைப் பிடித்துக் கம்பியில் மோதினான். விழுந்த முன்பல்லைக் காகிதத்தில் மடித்துக்கொண்டு வந்து என் மேசையில் வைத்தாள்.

"இன்னொரு வாட்டி போனா பொணமாத்தான் வருவேன், அண்ணாத்த. கேஸை செங்கல்பட்டுக்கு மாத்திக் குடு."

மாற்றலாம். உயர் நீதிமன்றத்தில் மனுப் போட வேண்டும், அதில் அவள் இருக்கிற இடத்தைக் காட்ட வேண்டும். அவள் தாய் வீட்டில் இல்லை. அங்கே லோகு இரண்டு தடவை வந்து கதவை உடைத்திருக்கிறான். கோவளத்தில் பிரியாணிக் கடை வைத்திருக்கும் ஹபீபா தன் வீட்டு மாடி அறையை அவளுக்குக் கொடுத்திருந்தார். அந்த இடம் மட்டும் லோகுவுக்குத் தெரியாது.

"அட்ரஸ் சொல்லும்மா" என்றேன்.

"டோர் நம்பர்லாம் தெரியாது. மீன் ஏலம் போடற எடம் கீதுல்ல, அதுக்குப் பின்னாடி ஹபீபாக்கா வூட்டு மாடி. நீலக் கதவு. யாரக் கேட்டாலும் சொல்லுவாங்க."

எங்கள் கரையோரத்தில் முகவரி என்றால் வழி சொல்வதுதான். தபால்காரரும் அப்படித்தான் கண்டுபிடிக்கிறார். நானும் சொன்னதைச் சொன்னபடி அடித்தேன், நீலக் கதவு உட்பட. மனுவின் நகல் எதிராளிக்குப் போகும் என்பது எனக்குத் தெரியாதா? கவரை ஒட்டியவனே நான். வக்கீல் அலுவலக விலாசத்தைப் போடலாமா என்று ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். தோன்றவில்லை. என் புத்தியைச் செருப்பால் அடிக்க வேண்டும்.

நோட்டீஸ் கிடைத்த நான்காம் நாள், பட்டப்பகலில், லோகு அந்தக் காகிதத்தோடு வந்து ஏலத்தில் நின்றவர்களிடம் வழி கேட்டான். சொல்லிவிட்டார்கள். பரிமளா மாடிப்படிக்குக் கீழே மீனுக்கு ஐஸ் உடைத்துக்கொண்டிருந்தாள்.

"நீயே வழி எழுதி அனுப்பிட்டு இன்னாடி முழிக்கிற?"

கத்தி கழுத்துக்கு வந்தது. இடது கையைக் குறுக்கே கொடுத்தாள். இரண்டு விரல்கள் ஐஸ் மேல் விழுந்தன. அவன் மறுபடி ஓங்கியபோது ஹபீபா கொதிக்கிற சால்னாவை அவன் முகத்தில் வீசினார். அவன் அலறிக்கொண்டு சரிந்தான். ஐஸ் உடைக்கும் கட்டையால் அவன் முழங்காலில் பரிமளா அடித்தாள். எத்தனை அடி என்று அவளுக்கு நினைவில்லை. எலும்பு நொறுங்கிய பிறகும் அடித்தாள் என்று ஹபீபா சொன்னார். கேட்டபோது எனக்குத் திருப்தியாக இருந்தது, மறைப்பானேன்.

ஆஸ்பத்திரியில் போய்ப் பார்த்து, என்னால்தான் என்று அழுதேன்.

"சொன்னது நானு, எழுதினது நீ. வெட்டினது அவன். கேஸ் மாறிச்சா?" என்று கேட்டாள்.

மாறியது. அடுத்த மாதமே உத்தரவு வந்தது. ஆனால் லோகு ஜாமீனில் வெளியே வந்துவிட்டான். சொந்த வீட்டில் அவன் இல்லை. எங்கே இருக்கிறான், எந்தப் பக்கமிருந்து வருவான் என்று தெரியாமல் அவள் செத்துச் செத்துப் பிழைத்தாள். சுவரில் முதுகை ஒட்டிக்கொண்டுதான் மீன் வெட்டினாள்.

ஏழு மாதம் கழித்து லோகுவின் மனு வந்தது. மனைவியால் தன் உயிருக்கு ஆபத்தாம், காலும் போய்விட்டதாம், ஆகையால் வழக்கைத் திரும்பக் கடலூருக்கே மாற்ற வேண்டுமாம். சிரிப்பும் வந்தது, வயிறும் எரிந்தது. பரிமளாவுக்குப் படித்துக் காட்டினேன். காரணங்களை அவள் காதில் வாங்கவே இல்லை.

"மேல அவன் அட்ரஸ் போட்டுகீதா?"

போட்டிருந்தது. அவனும் கரையோரத்து ஆள்தானே. 'மாரியம்மன் கோயில் எதிர்ச் சந்து, அக்கா வீடு, பச்சை கேட்டு.'

காகிதத்தை மூன்று விரலால் வாங்கி, அந்த வரியைத் தானே ஒருமுறை படித்தாள். எனக்குப் பயமாகிவிட்டது.

"என்னம்மா பண்ணப் போற?"

"ஒண்ணும் பண்ணல, அண்ணாத்த. பதில் மனுல என் அட்ரஸை பழையபடியே போடு. அவன் அட்ரஸும் முழுசா எழுது. எனக்குத் தெரியும்னு அவன் படிக்கட்டும்."

சொன்னதைச் சொன்னபடி அடித்தேன், பச்சை கேட்டு உட்பட.