ஒரகடத்தில் கொதிக்கும் சியோல் குழம்பு

பேருந்தைத் தவறவிட்ட எரிச்சலோடு ஒரகடம் சாலையில் இருக்கும் கொரிய உணவகத்துக்குள் நுழைகிறேன். மெனுவில் ஒரு எழுத்தும் புரியவில்லை. பக்கத்து மேசையில் ஏதோ ஒரு தொழிற்சாலையின் கொரிய மேலாளர், தலை நிமிராமல் சாப்பிட்டுக்கொண்டிருக்கிறார். அவர் முன்னால் சிவப்பாக ஒரு குழம்பு கொதிக்கிறது. நூடுல்ஸ், சாசேஜ், டப்பாக் கறி எல்லாம் ஒரே சட்டியில்.

"என்னக்கா இது, கையில கிடைச்சதையெல்லாம் போட்ட மாதிரி இருக்கு?"

சமையல்காரர் ஸ்டெல்லா, பக்கத்து ஊரான வடக்குப்பட்டுக்காரர், சிரிக்கிறார். "அதான் சார் அது. அந்தக் காலத்துல கொரியாச் சண்டை முடிஞ்சப்போ சியோல்ல சோத்துக்கே வழி இல்லியாம். இவரோட அம்மா அப்போ சின்னப் பொண்ணு. அமெரிக்காக்காரன் மிலிட்டரி கேம்ப் கேட்டாண்ட க்யூல நின்னு, மிஞ்சுன டப்பாக் கறிய வாங்கியாருவாங்களாம். ஒருநாள் பாவம்னு டப்பாக் கறிக்குப் பதிலா நாட்டுக்கோழி போட்டுக் குடுத்தேன். மூஞ்சிய திருப்பிக்கினாரு!"

மேலாளர் சியோலில் இருக்கும் அம்மாவை வீடியோவில் அழைத்து, கைபேசியைச் சட்டிக்கு நேரே பிடிக்கிறார். திரையில் அந்த அம்மா ஏதோ கேட்கிறார். இவர் சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்துக்கொள்கிறார்.

"என்னவாம் சார்?" என்று ஸ்டெல்லா அவரைக் கேட்கிறார்.

தொழிற்சாலையில் கற்ற தமிழில் சொல்கிறார்: "அம்மா கேக்குது... க்யூல ரொம்ப நேரம் நின்னியா?"

ஸ்டெல்லா கரண்டியோடு கைபேசிக்குள் எட்டிப் பார்த்துச் சத்தம் போடுகிறார்: "க்யூவே இல்லம்மா! உள்ள இன்னும் நாலு டப்பா கீது!"