பழவேற்காட்டுச் சாலையில் இல்லாமல் போன பாலம்

பழவேற்காட்டுக்கு வழி கேட்டு எழுதுகிறவர்களுக்கெல்லாம் சாலையைச் சொல்லிவிட்டு, நான் செத்துப்போன இடத்தையும் சேர்த்துச் சொல்வது என் வழக்கம். போன வாரம் ஒருவர் அது என்ன கதை என்று கேட்டுவிட்டார். ஆகவே இந்தப் பதிவு.

அறுபதுகளின் கடைசி. நான் ராணுவத்தில் கேப்டன். சுற்றிப் பார்க்கப் போகவில்லை, பரீட்சைக்குப் போனேன். சிப்பாய்கள் இல்லாத போர் அது. அதிகாரிகள் மட்டும் ஜீப், வயர்லெஸ், வரைபடத்தோடு அலைவோம். எதிரி கற்பனை, பீரங்கி கற்பனை, மார்க் மட்டும் நிஜம். மார்க் போட ஆளுக்கொரு அம்பயர் கூடவே வருவார். அவர் ஒரு பாலத்தில் பலகையை மாட்டி "தகர்க்கப்பட்டது" என்றால் பாலம் இல்லை. மீறி ஏறினால் நீங்கள் தண்ணீரோடு போனதாகக் கணக்கு. கையில் ஒரு வெள்ளைத் துணியைக் கட்டிவிடுவார்கள். அதன்பின் வாய் திறக்கக் கூடாது.

முந்தின இரண்டு பயிற்சிகளில் "முடிவெடுக்கத் தயங்குகிறார்" என்று என்னைப் பற்றிச் சொல்லியிருந்தார்கள். மூன்றாவதும் போனால் மேஜர் பதவியை மறந்துவிட வேண்டியதுதான். அந்தப் பயத்தோடுதான் கிளம்பினேன்.

கும்மிடிப்பூண்டி ஸ்டேஷன் பக்கம் கூடாரம். இன்று கம்பெனிகள் நிற்கிற இடமெல்லாம் அன்று வெறும் புதர். காலை ஆறு மணிக்கு ஜீப்பில் புறப்பட்டு, பத்து கிலோமீட்டரில் புதுவாயல் வந்து டீ குடித்தோம். அங்கிருந்து பொன்னேரி எட்டு கிலோமீட்டர் இருக்கும், பழவேற்காடு இன்னும் பதினெட்டு. ஓட்டியவர் ஏகாம்பரம், எண்ணூர்க்காரர். பின்சீட்டில் என் அம்பயர், குடகுக்கார மேஜர் ஒருவர். சிரித்துப் பார்த்ததில்லை. அவர் பென்சில் சீவினாலே எனக்கு வியர்க்கும்.

ஏரிக்கரை வரை போய், எதிரி இறங்கிவிட்டான் என்று பாவித்து, பொன்னேரிக்குப் பின்வாங்க வேண்டும். அதுதான் எனக்குக் கொடுத்த வேலை. திரும்பும் வழியில் ஒரு கால்வாய்ப் பாலம். மேஜர் இறங்கிப் பலகையை மாட்டினார். "பாலம் போய்விட்டது, கேப்டன். இருபது நிமிடம். அக்கரைக்கு எப்படிப் போவீர்கள்?" அக்கரையில் எங்களுடைய இன்னொரு ஜீப் நிற்பது கண்ணுக்கே தெரிந்தது. நான் பானெட் மேல் வரைபடத்தை விரித்து, எந்தப் பக்கமாகச் சுற்றினால் எவ்வளவு தூரம் என்று விரலால் அளந்துகொண்டிருந்தேன்.

அப்போதுதான் கால்வாய்ச் சரிவிலிருந்து ஒரு பெண் ஓடிவந்தாள். முழங்கால் வரை புடவை நனைந்திருந்தது.

"நைனா, எங்க ஊட்டுக்காரர திருக்கை அடிச்சிடுச்சு நைனா! ரத்தம் நிக்கவே மாட்டேன்னுது. பொன்னேரி ஆஸ்பத்திரிக்கு இட்டுக்கினு போ!"

ஏகாம்பரமும் நானும் கீழே ஓடினோம். கணவன் தொடையைப் பிடித்தபடி படகில் கிடந்தான். இறால் பிடிக்கத் தண்ணீரில் இறங்கிய இடத்தில் மீனின் வால் முள் ஆழமாகக் குத்தியிருக்கிறது. தூக்கிவந்து ஜீப்பில் போட்டோம். என் பூட்ஸுக்குள் தண்ணீர் சளசளத்தது.

ஏகாம்பரம் இன்ஜினைக் கிளப்பிவிட்டு என்னைப் பார்த்தார். "சார், இன்னா சார் பண்றது? பலகை மாட்டிக்கிது."

மேஜர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். "பாலம் இல்லையம்மா" என்று என் வாய் அதுவாகவே சொல்லிவிட்டது, பயம் அப்படி. அவள் என்னைப் பைத்தியத்தைப் பார்ப்பதுபோல் பார்த்தாள்.

"இன்னா நைனா சொல்ற? நேத்து கூட மீன் கூடை எடுத்துக்கினு அது மேலதான போனேன்!"

எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. "ஏகாம்பரம், ஓட்டுங்க" என்றேன். பதவி உயர்வு அந்தப் பாலத்தோடு போயிற்று என்று தெரிந்தேதான் சொன்னேன். நடுப்பாலத்தில் மேஜர் பையிலிருந்து வெள்ளைத் துணியை எடுத்தார். கையை நீட்டினேன். அவர் என் பக்கம் திரும்பவே இல்லை. குனிந்து மீனவனின் தொடையில் அதை இறுக்கிக் கட்டினார்.

பொன்னேரியில் தையல் போட்டார்கள். ஆள் பிழைத்துக்கொள்வான் என்று டாக்டர் சொன்ன பிறகுதான் எனக்கு மூச்சே வந்தது. கூடவே ஒரு நப்பாசையும் வந்தது. துணிதான் என் கையில் இல்லையே!

மாலை கூடாரத்தில் விமர்சனக் கூட்டம். மேஜர் எழுந்தார். "கேப்டன் பாலத்தில் இறந்தார். நானே பார்த்தேன்."

எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. "அந்த ஆளைச் சாகவிட்டிருக்க வேண்டுமா, சார்?"

"இல்லை. இன்று பாலம் இருந்தது, நீங்கள் செய்தது சரி. நிஜமாகவே பாலம் இல்லாத நாளுக்குத்தான் இந்தப் பரீட்சை. அன்று அவரை எப்படி அக்கரை சேர்ப்பீர்கள்? அங்கே உங்களுடைய இன்னொரு ஜீப் நின்றது."

என் கை வரைபடத்தைத் தேடியது. அவர் கேட்டார்.

"அவரை நீங்கள் எதிலிருந்து தூக்கினீர்கள்?"

"படகிலிருந்து" என்றேன். என் பூட்ஸ் அப்போதும் ஈரமாகத்தான் இருந்தது. மேஜர் பதவி எனக்கு வரவே இல்லை. அவர் மேல் வெகுகாலம் ஆத்திரமாக இருந்தேன். நியாயம் அவர் பக்கம் என்பதால் ஆத்திரம் இன்னும் கூடுதல்.

போகிறவர்களுக்கு: சென்னை சென்ட்ரலிலிருந்து கும்மிடிப்பூண்டி மின்சார ரயிலில் ஏறிப் பொன்னேரியில் இறங்குங்கள். அங்கிருந்து பழவேற்காட்டுக்குப் பஸ் உண்டு. வெயிலுக்கு முன் போய்விடுவது நல்லது. ஏரியில் இறங்கினால் காலைத் தூக்கி வைக்காமல் தேய்த்தபடி நடங்கள், திருக்கை விலகிப் போய்விடும்.

வழியில் அந்தப் பாலம் வரும். பெரிதாக ஒன்றுமில்லை, பஸ் நொடியில் கடந்துவிடும். போன மாதம் போனபோதும் நான் ஜன்னலோரம் எழுந்து நின்று கீழே எட்டிப் பார்த்தேன். இரண்டு படகுகள் கட்டியிருந்தன.